அரசவையில் ஒரு மனச்சான்று

1534ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 13ஆம் நாள், திங்கட்கிழமை. லண்டன் மாநகருக்கு அண்மையில், தேம்ஸ் ஆற்றங்கரையில் அமைந்த செல்சி என்னும் சிற்றூரில் ஒரு பெரிய இல்லம். அதன் தலைவர் அன்று அதிகாலையிலேயே கோயிலுக்குச் சென்று, பாவசங்கீர்த்தனம் செய்து, திருப்பலி கண்டு, நற்கருணை வாங்கித் திரும்பியிருந்தார். முக்கியமான எந்தக் காரியத்தில் இறங்குமுன்னும் அவ்வாறு செய்வது அவரது வழக்கம்.

அவருக்கு இன்னொரு வழக்கமும் உண்டு. அவர் படகேறும் போதெல்லாம் மனைவியும் மக்களும் படித்துறை வரை வருவார்கள். ஒவ்வொருவரையும் முத்தமிட்டு அவர் விடைபெறுவார். அன்றோ தோட்டத்து வாயிற்கதவைத் தாமே இழுத்துச் சாத்தினார். ஒருவரும் பின்தொடர வேண்டாம் என்றார். மருமகனும் பணியாளர் நால்வரும் மட்டுமே உடன் சென்றனர். படகில் நெடுநேரம் வாடிய முகத்தோடு மௌனமாக அமர்ந்திருந்தவர், திடீரென்று மருமகனின் காதருகே குனிந்து, போர் வெல்லப்பட்டுவிட்டது, அதற்காக ஆண்டவருக்கு நன்றி என்றார். மருமகனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. விளங்கவில்லை என்று காட்டிக்கொள்ள விருப்பமில்லாமல், மிக்க மகிழ்ச்சி என்று சொல்லி வைத்தார்.

இதை நமக்கு எழுதி வைத்திருப்பவர் அந்த மருமகனே. பெயர் வில்லியம் ரோப்பர். கதவைச் சாத்திப் புறப்பட்டவர் தாமஸ் மூர். வழக்கறிஞர், பாராளுமன்ற உறுப்பினர், சபாநாயகர், அரசரின் அந்தரங்க ஆலோசகர், இறுதியில் இங்கிலாந்தின் லார்டு சான்சலர். இத்தனை பதவிகளையும் வகித்த ஒரு குடும்பத் தலைவர், அன்று வீட்டு வாயிலிலேயே தம் போரை வென்றுவிட்டார். அந்தப் போர் எது, அது எவ்வாறு வெல்லப்பட்டது என்பதையே இக்கட்டுரையில் நாம் காண விழைகிறோம்.

பணிவிடைச் சிறுவன்

தாமஸ் மூர் 1478ஆம் ஆண்டு லண்டனில் பிறந்தார். தந்தை ஜான் மூர் வழக்கறிஞர், பின்னர் நீதிபதியானவர். ஏறத்தாழ 12 வயதில் சிறுவன் தாமஸ், கான்டர்பரி பேராயரும் அந்நாளைய லார்டு சான்சலருமான ஜான் மார்ட்டனின் லாம்பெத் அரண்மனையில் பணிவிடைச் சிறுவனாகச் சேர்க்கப்பட்டான். பெரியோர் பந்தியில் உணவு பரிமாறியும், உரையாடலைச் செவிமடுத்தும் உலக நடப்பைக் கற்பது அக்காலத்து நற்குடிப் பிள்ளைகளின் கல்விமுறை. கிறிஸ்துமஸ் நாடகங்களின்போது இச்சிறுவன் நடிகர்களுக்கிடையே சட்டென்று புகுந்து, அப்போதே புனைந்த சொற்களைப் பேசி அவையைச் சிரிக்க வைப்பானாம். இவன் பிற்காலத்தில் வியத்தகு மனிதனாவான் என்று பேராயர் விருந்தினரிடம் சொல்வதுண்டு என்கிறார் ரோப்பர்.

ஆக்ஸ்ஃபோர்டில் ஏறத்தாழ இரண்டாண்டுக் கல்வி. பின்னர் தந்தையின் விருப்பப்படி லண்டனில் சட்டப் படிப்பு. அந்நாட்களில் கர்த்தூசியன் துறவியரின் மடத்தை அடுத்து வாழ்ந்து, அவர்களுடைய செபத்திலும் ஒறுத்தலிலும் ஏறத்தாழ நான்கு ஆண்டுகள் பங்கு கொண்டார். துறவறமா, இல்லறமா என்று நெடிது எண்ணிப் பார்த்தவர் இல்லறத்தைத் தேர்ந்தார். ஆயினும் துறவியர் அணியும் முரட்டு மயிராடையை அவர் வாழ்நாள் முழுதும் மேலாடைக்குள் மறைவாக அணிந்து வந்தார். அவையில் பட்டும் பொற்சங்கிலியும். உள்ளே உடலை உறுத்தும் மயிராடை. அதனைத் துவைக்கும் பொறுப்பு மூத்த மகள் மார்கரெட்டுக்கு மட்டுமே உரியது.

செல்சி இல்லம்

1505ஆம் ஆண்டளவில் ஜேன் கோல்ட் என்னும் மங்கையை மணந்தார். மார்கரெட், எலிசபெத், சிசிலி என்னும் மூன்று பெண்களும் ஜான் என்னும் ஒரு மகனும் பிறந்தனர். 1511இல் ஜேன் இறந்தார். தாயற்ற நான்கு குழந்தைகளோடு நின்ற மூர், விரைவிலேயே ஆலிஸ் என்னும் கைம்பெண்ணை மறுமணம் செய்து கொண்டார். கண்டிப்பும் சிக்கனமும் வெடுக்கென்ற பேச்சும் உடைய அவ்வம்மையார், தாம் பெறாத அக்குழந்தைகளைத் தம் குழந்தைகளாகவே வளர்த்தார்.

அவ்வில்லத்தில் ஆண், பெண் என்ற வேறுபாடின்றி எல்லாக் குழந்தைகளும் இலத்தீன், கிரேக்கம், தத்துவம், வானநூல் ஆகியவற்றைக் கற்றனர். பெண்களுக்குக் கல்வி எதற்கு என்று கற்றோரே கேட்ட காலம் அது. மார்கரெட், பேரறிஞர் எராஸ்மஸ் கர்த்தர் கற்பித்த செபத்திற்கு எழுதிய விளக்கவுரையை இலத்தீனிலிருந்து ஆங்கிலத்தில் பெயர்த்தபோது அவருக்கு வயது 20கூட ஆகவில்லை. எராஸ்மஸ் அக்குடும்பத்தின் நெருங்கிய நண்பர். ஓவியர் ஹால்பைன் அவ்வில்லத்தில் விருந்தினராகத் தங்கி, குடும்பம் முழுவதையும் ஒரே படத்தில் தீட்டினார். அப்படம் அழிந்துவிட்டது, அதற்கென அவர் வரைந்த கோட்டோவியம் சுவிட்சர்லாந்திலுள்ள பாசல் நகரில் இன்றும் இருக்கிறது. தந்தையும் மக்களும் கையில் நூல்களோடு காட்சி தரும் குடும்பம் அது. நாள்தோறும் இரவில் குடும்பத்தாரும் பணியாளரும் ஒன்றுகூடிச் செபித்தனர்.

இத்தகைய இல்லத்திற்குள்ளும் ஒரு சோதனை நுழைந்தது. மார்கரெட்டை மணந்த வில்லியம் ரோப்பர், லூத்தரின் நூல்களைப் படித்து, அக்கொள்கையில் தீவிரமானார். மாமனார் பலநாள் வாதாடிப் பார்த்தார், பயனில்லை. இனி உன் கணவனோடு வாதாடப் போவதில்லை, இறைவனிடம் மட்டும் மன்றாடுவேன் என்று ஒருநாள் மகளிடம் கூறி நிறுத்திக்கொண்டார். காலப்போக்கில் ரோப்பர் பழைய விசுவாசத்துக்குத் திரும்பினார்.

அவையின் நாவாக

1504இல், தம் 26ஆம் வயதளவில், மூர் பாராளுமன்றத்தில் அமர்ந்தார். ஏழாம் ஹென்றி அரசர் தம் மகளின் திருமணத்தையொட்டிப் பெருந்தொகை கேட்டபோது, தாடி முளைக்காத இவ்விளைஞரே எழுந்து எதிர்த்துப் பேசினார் என்றும், அதனால் சினமுற்ற அரசர், மகனிடம் பறிக்க ஏதுமில்லாமையால் தந்தையைச் சிறையிலிட்டு 100 பவுன் தண்டம் பெற்றார் என்றும் ரோப்பர் எழுதுகிறார்.

பின்னர் எட்டாம் ஹென்றியின் அரசவையில் மூர் ஆலோசகரானார்; 1521இல் வீரப்பெருந்தகைப் பட்டம் பெற்றார். 1523இல் பொதுமக்கள் அவையின் சபாநாயகராகத் தெரிந்தெடுக்கப்பட்டார். அந்நாளைய சபாநாயகர் இருபுறமும் இடிபடும் மத்தளம் போன்றவர். அரசரின் விருப்பத்தை அவைக்கும், அவையின் கருத்தை அரசருக்கும் எடுத்துரைக்க வேண்டியவர். பதவியேற்ற மூர், அரசர் முன் ஒரு வேண்டுகோளை வைத்தார். அவையில் பலதிறப்பட்ட மனிதர் இருக்கின்றனர். நல்லறிவுடையார் எல்லாரும் நாவன்மை உடையவரல்லர். அரசரின் சினத்துக்கு அஞ்சி அவர்கள் வாய்மூடியிருந்தால் நாட்டுக்கே கேடு. ஆகவே ஒவ்வோர் உறுப்பினரும் தம் மனச்சான்றின்படி அச்சமின்றிப் பேசவும், சொல் தவறினும் அரசர் அதை நல்லெண்ணத்தோடு ஏற்கவும் வேண்டும் என்பதே அதன் சாரம். அவையில் பேச்சுரிமை கேட்டுச் சபாநாயகர் ஒருவர் விடுத்த வேண்டுகோள்களில், பதிவாகி நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழமையானது இதுவே. பாராளுமன்றத்தில் பேச்சுரிமைக்கு உறுதி தரும் நம் அரசியலமைப்பின் 105ஆம் பிரிவும், அந்த அவையின் நெடிய மரபிலிருந்து வந்ததே.

அந்த உரிமைக்கு உடனே சோதனை வந்தது. பிரான்சுடன் நடந்த போருக்காக 800,000 பவுன் வரி வேண்டுமென்று கர்தினால் வுல்சி கேட்டார். அரசருக்கு அடுத்த வல்லமை படைத்த அவர், தம் பெரும் பரிவாரத்தோடு அவைக்குள்ளேயே வந்து நின்றார். நீண்ட உரையாற்றினார். ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஒவ்வொருவராகப் பெயர் சொல்லிக் கேட்டார். அப்போதும் மறுமொழி இல்லை. இறுதியில் சபாநாயகரை நோக்கினார். மூர் முழந்தாளிட்டு மிக்க பணிவோடு விடையளித்தார். இத்துணைப் பெரியவர் முன்னிலையில் உறுப்பினர் வாயடைத்து நிற்பது இயல்பே என்றார். வெளியார் முன் விவாதிப்பது அவையின் பழம்பெரும் உரிமைக்கு ஒவ்வாது என்றார். அவர்கள் ஒவ்வொருவரும் தத்தம் அறிவைத் தம் தலைக்குள் வைத்தாலன்றித் தாம் ஒருவராக விடை கூற இயலாது என்றார். கர்தினால் சினத்தோடு வெளியேறினார்.

அதே மூர், பின்னர் நிதிக்கு அவையின் இசைவைப் பெறுவதற்கும் உழைத்தார். அவருக்கு வெகுமதி அளிக்குமாறு வுல்சியே அரசருக்கு எழுதினார் என்பதையும் நாம் சேர்த்துச் சொல்ல வேண்டும். அவர் கலகக்காரர் அல்லர். அரசருக்கு உண்மையாக ஊழியம் செய்த அரசவையினர். பணிவும் உரிமையும் அவரிடத்தில் ஒன்றாகவே குடியிருந்தன.

தோளில் ஓர் அரசனின் கை

எட்டாம் ஹென்றி மூரைப் பெரிதும் விரும்பினார். இரவில் அரண்மனை மாடத்துக்கு அழைத்துச் சென்று விண்மீன்களைப் பற்றி உரையாடுவார். ஒருநாள் முன்னறிவிப்பின்றிச் செல்சிக்கு வந்து உணவருந்தி, தோட்டத்தில் மூரின் கழுத்தைச் சுற்றிக் கைபோட்டபடி ஒரு மணி நேரம் உலாவினார். மருமகனுக்குப் பெருமை தாளவில்லை. மூரோ, இதில் பெருமைப்பட ஏதுமில்லை. என் தலையைக் கொடுத்துப் பிரான்சில் ஒரு கோட்டை கிடைக்குமானால் என் தலை போய்விடும் என்று அமைதியாகச் சொன்னார்.

1529 அக்டோபரில் வுல்சி வீழ்ந்தார். அரச முத்திரையைக் காக்கும் லார்டு சான்சலர் பதவி மூரிடம் வந்தது. அவ்வளவு உயர்ந்த பிறகும், வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்தைக் கடக்கும்போது, தம் முதிய தந்தை நீதிபதியாக அமர்ந்திருப்பதைக் கண்டால், எல்லார் முன்னிலையிலும் முழந்தாளிட்டு ஆசி பெற்ற பிறகே தம் ஆசனத்துக்குச் செல்வார். தம் இன்னொரு மருமகன் வழக்காட வந்து உறவை நம்பி விட்டுக்கொடுக்க மறுத்தபோது, அவருக்கு எதிராகவே தீர்ப்பளித்தார்.

ஆனால் இப்பதவிக் காலத்தின் மற்றொரு பக்கத்தையும் மறைத்தல் ஆகாது. அந்நாட்டுச் சட்டம் தப்பறைக் கொள்கையைக் கொடுங்குற்றமாகக் கருதியது. மூர் அச்சட்டத்தை மனமொப்பி நிறைவேற்றினார். அதற்காக நூல்களும் எழுதினார். அவர் பதவியிலிருந்த காலத்தில் ஆறு பேர் எரித்துக் கொல்லப்பட்டனர். வீட்டில் மருமகனுக்காக மன்றாடிக் காத்திருந்த பொறுமை, நாட்டில் அவர்களுக்குக் கிடைக்கவில்லை. 1965இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம், மத நம்பிக்கையில் எவரையும் வற்புறுத்தலாகாது என்று அறிக்கையிட்டது. அந்த ஒளியில் பார்க்கும் நமக்கு இது வேதனை தருவதே. திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பரும் 2000ஆம் ஆண்டில் மூரைப் பாராட்டி எழுதியபோது, இவ்விஷயத்தில் அவர் தம் காலத்துப் பண்பாட்டின் குறைகளைக் காட்டினார் என்று குறிக்கத் தவறவில்லை. புனிதர்கள் பிறக்கும்போதே நிறைவானவர்கள் அல்லர். பிறருடைய மனச்சான்றின் விலையை அன்று முழுதும் உணராதவர், அந்த விலையைப் பின்னர்த் தாமே செலுத்த நேர்ந்தது.

பதவி போயிற்று, நகைச்சுவை போகவில்லை

அரசர் ஹென்றிக்கும் அரசி கத்தரீனுக்கும் ஆண் வாரிசு இல்லை. அரசரின் மனம் ஆன் போலின் மீது சென்றது. முதல் திருமணம் செல்லாது என்று உரோமை தீர்ப்பளிக்க வேண்டுமென அவர் கேட்டார்; உரோமை இணங்கவில்லை. எனவே உரோமையின் அதிகாரத்தையே தம் நாட்டில் ஒழிக்க முற்பட்டார். 1532 மே 15இல் இங்கிலாந்தின் குருக்கள் குழு அரசருக்கு அடிபணிந்தது. மறுநாளே மூர் அரச முத்திரையைத் திருப்பிக் கொடுத்தார்.

இச்செய்தியை மனைவியிடம் எப்படிச் சொல்வது? விடுமுறை நாள்களில் கோயிலில் திருப்பலி முடிந்ததும், பணியாள் ஒருவன் ஆலிஸ் அம்மையாரின் இருக்கைக்கு வந்து, பிரபு சென்றுவிட்டார் என்று அறிவிப்பது வழக்கம். பதவி துறந்த பின், மூர் தாமே தொப்பியைக் கையில் பிடித்தபடி அங்கு வந்து வணங்கி, அம்மணி, பிரபு சென்றுவிட்டார் என்றார். வழக்கமான விளையாட்டு என்றே அம்மையார் எண்ணினார். அது விளையாட்டல்ல என்று பிறகுதான் தெரிந்தது.

வருமானம் சுருங்கியது. மூர் மக்களையெல்லாம் கூட்டி உட்கார வைத்தார். சட்டக் கல்லூரி நாள்களில் உண்ட உணவுக்கு முதலில் இறங்குவோம். அதுவும் கட்டாவிட்டால் அதனினும் எளிய உணவுக்கு இறங்குவோம். பிறகு ஆக்ஸ்ஃபோர்டு மாணவரின் ஏழை உணவு. அதற்கும் வழியில்லாவிட்டால் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, வீட்டுக்கு வீடு 'கிருபை தயாபத்து' மந்திரத்தைப் பாடிப் பிச்சை எடுப்போம். அப்போதும் ஒன்றாகவே இருப்போம், மகிழ்ச்சியாகவே இருப்போம் என்றார்.

1533 ஜூன் முதல் நாள் ஆன் போலின் முடிசூட்டு விழா நடந்தது. உடை வாங்கிக்கொள்ள ஆயர்கள் மூவர் 20 பவுன் அனுப்பி அவரை அழைத்தனர். பணத்தைப் பெற்றுக்கொண்டார், விழாவுக்குச் செல்லவில்லை.

லாம்பெத்தில் ஒரு காகிதம்

1534இல் பாராளுமன்றம் வாரிசுரிமைச் சட்டத்தை இயற்றியது. ஆன் போலினின் மக்களே அரியணைக்கு உரியவர் என்று எல்லாரும் உறுதிமொழி எடுக்க வேண்டும். உறுதிமொழியின் சொற்களில், அரசரின் முதல் திருமணம் செல்லாது என்பதும், திருத்தந்தையின் அதிகாரத்துக்கு மறுப்பும் அடங்கியிருந்தன. இதற்காகத்தான் மூர் படகேறிப் போனார். அழைக்கப்பட்ட இடம் லாம்பெத் அரண்மனை. சிறுவனாக உணவு பரிமாறிச் சிரிக்க வைத்த அதே அரண்மனை!

பேராயர் கிரான்மர், அரசரின் செயலர் தாமஸ் குரோம்வெல் முதலியோர் அமர்ந்திருந்தனர். மூர் சட்டத்தையும் உறுதிமொழியையும் நிதானமாக ஒப்பிட்டுப் படித்தார். யார் அரியணையேறுவது என்பதைப் பாராளுமன்றம் தீர்மானிக்கலாம். அதற்கு உறுதி கூற இசைகிறேன். ஆனால் இந்தச் சொற்களோடு உறுதி கூறினால் என் ஆன்மாவை நித்திய ஆபத்துக்கு உள்ளாக்குவேன். உறுதி கூறியவர் எவரையும் நான் குறை கூறவில்லை என்றார். வெளியே அனுப்பப்பட்டுக் காத்திருந்தபோது, உறுதிமொழி எடுத்துவிட்ட குருக்கள் கீழே தோட்டத்தில் களிப்போடு உலாவுவதைச் சாளரத்தின் வழியே கண்டார்.

மீண்டும் அழைத்து வாதாடினர். மற்றவரைக் குறை கூறாததால் உமக்கு இதில் உறுதியில்லை என்றாகிறது. அரசருக்குக் கீழ்ப்படிய வேண்டுமென்பதோ உறுதியான கடமை. எனவே ஐயமானதை விட்டு உறுதியானதைச் செய்க என்றார் கிரான்மர். நாட்டின் பேரவையே ஒன்றைச் சொல்லும்போது தாம் ஒருவர் மட்டும் மாறி நினைப்பது தவறோ என்று அஞ்ச வேண்டாமா என்றார் மற்றொருவர். தாம் மட்டும் தனித்து நின்றால் அஞ்சியிருப்பேன். ஆனால் கிறிஸ்தவ உலகம் முழுவதன் ஒருமித்த கருத்து என் பக்கம் இருக்கிறது என்று மூர் விடையிறுத்தார். எதனால் மறுக்கிறீர் என்ற கேள்விக்கு மட்டும் விடை கூறவில்லை. ஏப்ரல் 17ஆம் நாள் லண்டன் கோபுரச் சிறை அவரை ஏற்றது.

இங்கேதான் நாம் சற்று நிற்க வேண்டும். அவையில் ஒவ்வொருவரும் அஞ்சாமல் பேச உரிமை கேட்ட நா, இப்போது வாய்மூடிக் கொண்டது. அச்சத்தாலா? அன்று. அவர் சட்டம் கற்றவர். காரணத்தைச் சொன்னால் அதுவே இராசத் துரோகமாகிவிடும். சொல்லாதவரைச் சட்டத்தால் கொல்ல முடியாது. வீணாக உயிரைக் கொடுப்பது வீரமாகாது. அழைப்பு வருமுன் மறைசாட்சி மகுடத்துக்குக் கைநீட்டுவது அகந்தை என்றே அவர் கருதினார். மனைவி மக்களோடு வாழ விரும்பிய ஒரு தந்தை, பொய் கூறாமல் தப்பிப் பிழைக்கக் கண்ட ஒரே வழி மௌனம்.

மகளின் வாதம்

சிறையில் அவருக்கு வந்த பெருஞ்சோதனை, அன்பின் வழியாகவே வந்தது. மகள் மார்கரெட், இறைவனின் சட்டத்துக்கு ஒத்த அளவில் என்ற சொற்களைச் சேர்த்து உறுதிமொழி எடுத்திருந்தார். அதனால் தந்தையைக் காண அவருக்கு அனுமதி கிடைத்தது. இருவரும் முதலில் முழந்தாளிட்டுச் செபங்களைச் சொல்வார்கள், பின்னரே பேசுவார்கள். அவர் எவ்வளவோ எடுத்துக் கூறியும் தந்தை அசையவில்லை. இறுதியில் மகள், தாம் உறுதி கூறியிருக்கத் தந்தை மட்டும் ஏன் மறுக்க வேண்டும் என்று சிரித்தபடி கேட்டார். தந்தையும் சிரித்து, ஏவாளும் இப்படித்தான் சொன்னாள். தான் தின்ற கனியைவிடத் தாழ்ந்த கனியை அவள் ஆதாமுக்குக் கொடுக்கவில்லையே என்றார்.

அப்போது மகளுக்கு அவர் ஒரு கதை சொன்னார். ஒரு வழக்கில் நடுவர் பன்னிருவர். பதினொருவர் பேசி வைத்துக்கொண்டு ஒரு முடிவுக்கு வந்தனர். எளிய மனிதர் ஒருவர் மட்டும் இசையவில்லை. தோழமைக்காகவாவது எங்களோடு சேர்ந்துகொள் என்றனர் மற்றவர். அவர் கேட்டார்: நாம் எல்லாரும் இறந்தபின், மனச்சான்றின்படி நடந்த நீங்கள் மோட்சத்துக்குப் போவீர்கள், அதற்கு மாறாக நடந்த நான் நரகத்துக்குப் போவேன், அப்போது தோழமைக்காக என்னோடு வருவீர்களா?

ஊர் ஓடினால் ஒத்தோட வேண்டும் என்னும் வழக்கு நம்மிடையே உண்டு. எதை நோக்கி ஓடுகிறது ஊர் என்று கேட்க வேண்டிய வேளையும் ஒன்று உண்டு என்பதையே அந்தச் சிறைக் கதை சொல்லுகிறது. கவனிக்க வேண்டியது இன்னொன்று: மகள் எடுத்த உறுதிமொழியைப் பற்றி மூர் ஒரு கடுஞ்சொல்லும் கூறவில்லை. தம் மனச்சான்றை அவர் எவர் முதுகிலும் ஏற்றவுமில்லை. எவர் முதுகிலும் தம் ஆன்மாவைச் சாத்தி வைக்கவுமில்லை.

ஆலிஸ் அம்மையாரும் வந்தார். நல்ல வீடும் நூலகமும் தோட்டமும் இருக்க, எலிகளோடு இந்த அழுக்குச் சிறையில் கிடக்கிறீரே, இதென்ன மடமை என்று கடிந்தார். இந்த வீடும் நம் வீட்டைப் போலவே மோட்சத்துக்கு அருகில்தானே இருக்கிறது என்றார் கணவர். அம்மையாருக்கு அப்பேச்சு பிடிக்கவில்லை. எனினும் கணவருக்கும் அவருடைய பணியாளுக்கும் சிறையில் உணவளிக்க வாரந்தோறும் 15 ஷில்லிங் கட்ட வேண்டியிருந்தது. அதற்காகத் தம் ஆடைகளையே விற்றதாக அவர் குரோம்வெல்லுக்கு எழுதினார். கணவரின் கொள்கை விளங்காவிட்டாலும் கணவரைக் கைவிடாத அவ்வம்மையாரின் பெயரையும் நாம் மறவாதிருப்போமாக.

1535 மே 4ஆம் நாள், கர்த்தூசியன் மடத் தலைவர்கள் மூவரும் வேறு இரு குருக்களும் கொலைக்களத்துக்குக் கொண்டு செல்லப்பட்டனர். மூரும் மார்கரெட்டும் சிறைச் சாளரத்தருகே நின்றிருந்தனர். மணவிழாவுக்குச் செல்லும் மாப்பிள்ளைகளைப் போல் அவர்கள் மகிழ்ச்சியோடு செல்வதைப் பார் என்று மகளிடம் கூறினார். இளமையில் அவர் யாருடைய வாழ்வைப் பின்பற்ற நினைத்துத் தயங்கினாரோ, அவர்களே அன்று அவருக்கு முன் சென்றனர். ஜூன் 22இல் ரோச்செஸ்டர் ஆயர் ஜான் ஃபிஷரும் தலை வெட்டப்பட்டு உயிர் நீத்தார்.

மௌனம் கலைந்தது

ஜூலை முதல் நாள் வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்தில் விசாரணை நடந்தது. எந்த மண்டபத்தில் தந்தையின் முன் முழந்தாளிட்டாரோ, அங்கே குற்றவாளியாக நின்றார். மௌனம் இராசத் துரோகமாகாது. மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி என்பதே சட்டத்தின் பொதுவிதி என்று வாதாடினார். அப்போது அரசின் வழக்கறிஞர் ரிச்சர்டு ரிச் சாட்சியம் சொன்னார். சிறையில் மூரின் நூல்களை எடுத்துச் செல்ல வந்தபோது, அரசரைத் திருச்சபையின் தலைவராக்கப் பாராளுமன்றத்தால் இயலாது என்று மூர் தம்மிடம் கூறினார் என்றார். மூர் ஆணையிட்டு மறுத்தார். என் ஆபத்தைவிட உம்முடைய பொய்யாணைக்காகவே அதிகம் வருந்துகிறேன் என்றார். உடனிருந்த இருவரோ, நூல்களை மூட்டை கட்டும் வேலையில் இருந்ததால் பேச்சைக் கவனிக்கவில்லை என்று நழுவிக் கொண்டனர். நடுவர் குழு கால் மணி நேரத்தில் குற்றவாளி என்று முடிவு கூறியது.

விசாரணைக்குத் தலைமை வகித்த லார்டு சான்சலர் தண்டனையைச் சொல்லத் தொடங்கினார். மூர் இடைமறித்தார். தீர்ப்புக்குமுன் கைதிக்குச் சொல்ல ஏதேனும் உண்டா என்று கேட்பது என் காலத்து வழக்கம் என்றார். அதன்பின் தம் மௌனத்தைக் கலைத்தார். இந்தச் சட்டம் இறைவனின் சட்டத்துக்கும் திருச்சபையின் சட்டத்துக்கும் முரணானது. ஒரு நாட்டின் பாராளுமன்றம் கிறிஸ்தவ உலகம் முழுவதற்கும் மாறாகச் சட்டம் செய்ய இயலாது என்று தெளிவாக எடுத்துரைத்தார். இனி மறைக்க ஏதுமில்லை, இழக்கவும் ஏதுமில்லை. அவர் 1523இல் மற்றவர்களுக்காகக் கேட்ட உரிமையை, தமக்காக அன்று ஒரே ஒருமுறை பயன்படுத்தினார்.

இறுதியாக நீதிபதிகளைப் பார்த்து அவர் கூறியது நம் நெஞ்சைத் தொடுவது. புனித முடியப்பரைக் கல்லால் எறிந்தவர்களின் ஆடைகளைக் காத்து நின்றவர் புனித சின்னப்பர். இன்றோ இருவரும் விண்ணகத்தில் நண்பர்கள். அதுபோல எனக்குத் தீர்ப்பளித்த நீங்களும் நானும் அங்கே மகிழ்ச்சியோடு சந்திக்க வேண்டுமென மன்றாடுவேன் என்றார்.

சிறைக்குத் திரும்பும் வழியில், படித்துறையில் மார்கரெட் காத்திருந்தார். ஈட்டி ஏந்திய காவலரிடையே புகுந்து ஓடி, தந்தையின் கழுத்தைக் கட்டிக்கொண்டு முத்தமிட்டார். ஆசி பெற்றுச் சில அடி சென்றவர் தாளாமல் திரும்ப ஓடி வந்து மீண்டும் கட்டிக்கொண்டார். பார்த்தவர் பலர் அழுதனர். ஜூலை 5ஆம் நாள் மூர் ஒரு கரித்துண்டால் மகளுக்கு இறுதிக் கடிதம் எழுதினார். அன்று படித்துறையில் உலகத்தின் பார்வையைப் பொருட்படுத்தாமல் நீ என்னை முத்தமிட்டதைப்போல் வேறெதுவும் எனக்கு உவப்பாயில்லை என்று அதில் குறித்தார். மயிராடையையும் அவருக்கே அனுப்பி வைத்தார்.

மறுநாள் காலை, அன்றே மரணம் என்று அறிவிக்க வந்த நண்பர் அழுதார். மூர் அவரைத் தேற்றினார். கொலைக்களத்தில் அதிகம் பேச வேண்டாம் என்பது அரசரின் விருப்பம் என்றார் நண்பர். நல்ல வேளை சொன்னீர்கள், கொஞ்சம் பேச எண்ணியிருந்தேன் என்று கூறி அதற்கும் கீழ்ப்படிந்தார். ஆட்டம் கண்ட மேடையில் ஏறும்போது, மேலே ஏற உதவுங்கள், இறங்குவதை நானே பார்த்துக்கொள்கிறேன் என்றாராம். அரசருக்கு நல்ல ஊழியனாக, ஆனால் முதலில் இறைவனுக்கு ஊழியனாக இறப்பதாகச் சுருக்கமாகச் சொன்னார். 1535 ஜூலை 6ஆம் நாள் அவர் தலை வீழ்ந்தது. லண்டன் பாலத்தில் குத்தி வைக்கப்பட்ட அத்தலையை மார்கரெட் மீட்டெடுத்துப் பாதுகாத்தார்.

நம் இல்லங்களுக்கு

ஓராண்டுக்குள் ஆன் போலினும், ஐந்தாண்டில் குரோம்வெல்லும் அதே அரசரின் ஆணையால் தலையிழந்தனர். மூரைத் திருச்சபை 1886இல் முத்திப்பேறு பெற்றவராகவும், 1935 மே 19இல் ஆயர் ஜான் ஃபிஷரோடு புனிதராகவும் உயர்த்தியது. இருவரின் திருநாள் ஜூன் 22. 1980 முதல் இங்கிலாந்துத் திருச்சபையும் தன் நாட்காட்டியில் இருவரையும் நினைவுகூருகிறது. 2000ஆம் ஆண்டில் அவர் ஆட்சியாளர்க்கும் அரசியல்வாதிகளுக்கும் பாதுகாவலராக அறிவிக்கப்பட்டார். 2010 செப்டம்பர் 17ஆம் நாள் திருத்தந்தை பதினாறாம் ஆசீர்வாதப்பர், மூர் தீர்ப்பு பெற்ற அந்த வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்திலேயே நின்று அவரை நினைவுகூர்ந்தார்.

நம் கையெழுத்தைக் கேட்டு எந்த அரசனும் வரப்போவதில்லை. ஆனால் காகிதங்கள் வராமலில்லை. உண்மையல்லாத சான்றிதழ், நடக்காத வேலைக்கு ரசீது, உறவினருக்காக ஒரு பொய்ச் சாட்சி. எல்லாரும் இட்டுவிட்டார்கள், நீங்கள் மட்டும் ஏன் தயங்குகிறீர்கள் என்று நயமாகவே கேட்பார்கள். பல வேளைகளில் கேட்பவர் நம் அன்புக்குரியவராகவே இருப்பார். நம் நன்மைக்காகவே கேட்பார்.

அத்தகைய நாளில் துணிவு திடீரென்று வானத்திலிருந்து விழுவதில்லை. மூர் வாயிற்கதவைச் சாத்திய அந்தக் காலையில் அவருக்கு வந்த வலிமை, இரவுதோறும் குடும்பத்தோடு சொன்ன செபத்திலும், பிள்ளைகளோடு படித்த நூல்களிலும், எளிய உணவுக்கும் பிச்சைப் பைக்கும் அவர்களைச் சிரிக்கச் சிரிக்கப் பழக்கிய பேச்சிலும் சிறுகச் சிறுகச் சேர்ந்தது. இட்டவரைப் பழிக்காமல், கேட்டவரை வெறுக்காமல், சிரித்த முகத்தோடு, என்னால் இயலாது என்று சொல்லும் வரத்தை அவர் வழியாக நம் ஒவ்வோர் இல்லத்துக்கும் ஆண்டவர் அருள்வாராக.